குவாக்கமோலேயில் கனம் எங்கே இருக்கிறது?

கேள்வி: டெக்சஸில் பதினோரு வருடமாக இருக்கிறோம். கணவருக்கு வயது 44. போன மாதப் பரிசோதனையில் எல்.டி.எல். (கெட்ட கொலஸ்ட்ரால்) 148 வந்தது. எடையில் ஏழெட்டுக் கிலோ குறைக்கச் சொல்லியிருக்கிறார் டாக்டர். எங்கள் வீட்டில் சனிக்கிழமை சாயங்காலம் என்றால், அவகாடோவை மசித்துச் செய்யும் மெக்சிகோப் பண்டமான குவாக்கமோலே கட்டாயம் உண்டு. நான்கு அவகாடோ (பட்டர் ஃப்ரூட்), அரை கப் சாவர் க்ரீம் (புளித்த பாலாடை), இரண்டு மேஜைக்கரண்டி மயோனைஸ், வெங்காயம், தக்காளி, கொத்தமல்லி, எலுமிச்சை. பக்கத்து வீட்டு அமெரிக்கத் தோழி சொல்லித் தந்த முறை இது. கிண்ணத்தில் மூன்றில் ஒரு பங்கும், சிப்ஸ் பாக்கெட்டில் பாதியும் கணவருக்கே போகும். கொழுப்பு அதிகம் என்று பயந்து, பாதிப் பழத்தைக் குறைத்துவிட்டுக் கொழுப்பில்லாத தயிர் சேர்த்தேன். நீர்த்துப் புளித்தது, பிள்ளைகள் தொடவில்லை. அடுத்த வாரம் ஃப்ரோசன் பட்டாணியை அரைத்துச் சேர்த்தேன். 'இது பட்டாணி மசியல்' என்று கணவர் தள்ளி வைத்துவிட்டார். ருசி கெடாமல் லேசாக்க வழி உண்டா? இல்லை, அவகாடோவையே விட்டுவிடலாமா? அடுத்த மாதம் மாமனார் ஊரிலிருந்து வருகிறார். சிறுநீரகப் பிரச்சினை உள்ளவர். அவருக்கு இதைக் கொடுக்கலாமா?

- ஒரு வாசகி, டெக்சஸ்

அன்புள்ள சகோதரிக்கு,

அவகாடோவை விட வேண்டாம். உங்கள் கடிதத்தைப் படித்ததும் கால்குலேட்டரை எடுத்து, அந்தச் சனிக்கிழமைக் கிண்ணத்துக்கு ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். நடுத்தர அளவு ஹாஸ் ரக அவகாடோவில் தோலும் கொட்டையும் போகச் சதை 135 கிராம் போலத் தேறும். நான்கு பழத்துக்கு 540 கிராம், சுமார் 900 கலோரி. அரை கப் சாவர் க்ரீம் 230. இரண்டு மேஜைக்கரண்டி மயோனைஸ் 190. வெங்காயம், தக்காளி எல்லாம் சேர்த்து ஒரு 50. ஆகக் கிண்ணம் முழுவதும் 1370 வருகிறது. அதில் உங்கள் கணவரின் பங்கு 455.

இப்போது சிப்ஸைப் பாருங்கள். டோர்ட்டியா என்ற மெக்சிகோச் சோள ரொட்டியை வெட்டிப் பொரித்த சிப்ஸ், 28 கிராமில் 140 கலோரி. எண்ணிப் பார்த்தால் பத்துப் பன்னிரண்டு சில்லுதான் இருக்கும். 310 கிராம் பாக்கெட் என்று வைத்துக்கொண்டால் அதில் பாதி 775 கலோரி. அதாவது அவர் அந்தச் சாயங்காலம் சாப்பிடுகிற சுமார் 1230 கலோரியில் மூன்றில் இரண்டு பங்குக்குக் கொஞ்சம் குறைவாகச் சிப்ஸிலிருந்து வருகிறது. பழத்திலிருந்து வருவது 300. நீங்கள் இரண்டு வாரமாகப் போராடியதெல்லாம் அந்த 300-உடன்தான்.

டாக்டர் கவலைப்படுவது எல்.டி.எல். பற்றி. அதை ஏற்றுவதில் முக்கியமானது நிறைவுற்ற கொழுப்பு, பாலாடை, வெண்ணெய், இறைச்சி வகையறாவில் இருப்பது. நான்கு அவகாடோவிலும் சேர்த்து அது 11 அல்லது 12 கிராம் இருக்கும். உங்கள் அரை கப் சாவர் க்ரீமில் மட்டும் அதே அளவு இருக்கிறது. மயோனைஸ் இன்னொரு 3 கிராம். சாவர் க்ரீமையும் மயோனைஸையும் எடுத்துவிட்டால், பழத்தில் கை வைக்காமலே நிறைவுற்ற கொழுப்பு பாதிக்கும் கீழே போய்விடுகிறது. அவகாடோவில் மீதி உள்ள கொழுப்பில் பெரும்பகுதி ஓலிக் அமிலம், ஆலிவ் எண்ணெயில் நிறைய இருப்பது. நம் கடலை எண்ணெயிலும் கணிசமாக உண்டு.

அதற்காக, அவகாடோ சாப்பிட்டால் தொப்பை கரையும், கொழுப்பு இறங்கும் என்று வரும் வீடியோக்களை நம்பிவிடாதீர்கள். அமெரிக்காவில் ஆயிரம் பேருக்கு மேல் வைத்து ஒரு பெரிய ஆய்வு நடத்தி 2022-இல் முடிவு வெளியிட்டார்கள். ஒரு சாராருக்கு ஆறு மாதம் தினம் ஒரு அவகாடோ, மற்றவர்களுக்கு வழக்கமான சாப்பாடு. வயிற்றுக்குள் சேரும் கொழுப்பில் இரு சாராருக்கும் வித்தியாசமே இல்லை. எல்.டி.எல். இரண்டு மூன்று புள்ளி குறைந்தது, அவ்வளவுதான். ஆனால் தினம் ஒரு பழம் தின்றும் எடை கூடவில்லை என்பதைக் கவனியுங்கள். வாரத்தில் ஒரு நாள் ஒன்று, ஒன்றரைப் பழம் தின்பதற்கு நீங்கள் இவ்வளவு பயப்பட வேண்டியதில்லை.

உங்கள் தயிர்ப் பரிசோதனையில் எனக்கும் பங்கு உண்டு என்று ஒப்புக்கொள்கிறேன். உணவு ஆலோசகராக வேலைக்குச் சேர்ந்த புதிதில், எடை குறைக்க வருபவர்களுக்குக் கொடுக்க நானே ஒரு தாள் தயார் செய்தேன். அதில் 'லேசான குவாக்கமோலே' என்று ஒரு குறிப்பு: பாதி அவகாடோ, பாதி கொழுப்பில்லாத தயிர். கணக்கு அழகாக இருந்தது. நான் அதைச் செய்து ருசி பார்த்ததே இல்லை. மூன்று வாரம் கழித்து வந்த ஒரு மெக்சிகோ அம்மாள் அந்தத் தாளை நாலாக மடித்து என் மேசையில் வைத்துவிட்டு, 'இதை நீங்கள் சாப்பிட்டீர்களா?' என்று மட்டும் கேட்டார். அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போய்ச் செய்தேன். பச்சை நிறத்தில் ஒரு வெள்ளரிப் பச்சடி மாதிரி வந்தது, வெள்ளரி இல்லாமல்.

ஏன் அப்படி ஆகிறது என்றால், அவகாடோவின் வழவழப்பு அதன் கொழுப்பும் நாரும் சேர்ந்து தருவது. கொழுப்பில்லாத தயிரில் தண்ணீரும், கொஞ்சம் புரதமும் பால் சர்க்கரையும்தான். அதன் மேல் உப்பும் எலுமிச்சையும் விழுந்ததும் தயிர் நீர் விடுகிறது, நறுக்கிய தக்காளியும் நீர் விடுகிறது. தயிரின் புளிப்பு ஒன்று, எலுமிச்சைப் புளிப்பு இன்னொன்று. போதாததற்கு, மிளகாயின் காரத்துக்குக் காரணமான பொருள் கொழுப்பில் கரையக்கூடியது. கொழுப்பு இருந்தால் அதைக் கொஞ்சம் மட்டுப்படுத்தி வைக்கும், கொழுப்பைக் குறைத்தால் அதே மிளகாய் சுள்ளென்று ஏறும். உங்கள் பட்டியலில் மிளகாய் இல்லை, ஆனாலும் போட்டிருந்தால் பிள்ளைகள் தொடாததற்குப் பாதிக் காரணம் அதுவாகவும் இருக்கலாம். எந்த லேசான செய்முறையிலும் முதலில் மிளகாயை ஒன்று குறையுங்கள்.

பட்டாணி விஷயத்தில் உங்கள் கணவருக்குத் துணை உண்டு. 2015 ஜூலையில் நியூயார்க் டைம்ஸ் குவாக்கமோலேயில் பச்சைப் பட்டாணி சேர்க்கச் சொல்லி ஒரு குறிப்பைப் பரப்பியபோது ட்விட்டரில் பெரிய ரகளை ஆனது. அப்போது அதிபராக இருந்த ஒபாமாவே, பட்டாணிக்கு நான் ஒப்புக்கொள்ள மாட்டேன், வெங்காயமும் பூண்டும் காரமான மிளகாயும் போதும் என்கிற மாதிரி எழுதினார். நான் பட்டாணிக்கு விரோதி இல்லை. வேகவைத்தால் 100 கிராமுக்கு 80 கலோரி சொச்சம், அவகாடோவில் பாதி, புரதமும் உண்டு. ஆனால் அதில் சர்க்கரையும் மாவுச்சத்தும் இருக்கிறது. கால் பங்கு சேர்த்தாலே இனிப்பும் மாவு போன்ற ஒரு பிடிப்பும் நாக்கில் தெரிந்துவிடும். அதைப் பட்டாணி மசியல் என்று சொல்லியே பரிமாறினால் நல்ல பண்டம். குவாக்கமோலே என்று சொல்லி வைத்தால் கோபம்தான் வரும்.

சரி, என்ன செய்யலாம்? மெக்சிகோவிலேயே லேசான குவாக்கமோலே இருக்கிறது. டாக்கோ விற்கும் கடைகளில், டாக்கேரியா என்பார்கள், மேசை மேல் பச்சை நிறத்தில் ஒரு குழம்பான சட்னி வைத்திருப்பார்கள். அதில் அவகாடோ உண்டு, கூடவே டொமாட்டியோ நிறைய. டெக்சஸ் கடைகளில் டொமாட்டிலோ என்று எழுதியிருக்கும், காகிதம் மாதிரி உறை போர்த்திய பச்சைக் காய். நம் ஊரில் வேலியோரம் சொடக்குத் தக்காளி பறித்து நெற்றியில் அடித்து உடைத்தவர்களுக்கு அந்த உறையைப் பார்த்ததும் அடையாளம் தெரியும். இரண்டும் ஒரே பேரினம். 100 கிராம் டொமாட்டியோவில் 32 கலோரிதான். அதைவிட முக்கியம், அதன் சாற்றில் ஒரு வழவழப்பு உண்டு, அரைத்தால் தயிர் மாதிரி பிரியாது. அவகாடோவோடு சேர்ந்து ஒரே பதமாக நிற்கும். தயிரிடமும் பட்டாணியிடமும் நீங்கள் எதிர்பார்த்த வேலையை இது செய்கிறது, அதுவும் அந்த ஊர்க்காரர்களே ஏற்றுக்கொண்ட முறையில்.

குவாக்கமோலே என்ற பெயரே அஸ்டெக் மக்களின் நாவாட்டல் மொழியில் அவகாடோ என்ற சொல்லையும் 'மொல்லி', அதாவது சாறு, குழம்பு என்ற சொல்லையும் சேர்த்து வந்தது. ஸ்பானியர்கள் போய் இறங்கும் வரை அங்கே பசுமாடு கிடையாது, ஆகவே பாலாடையும் கிடையாது. நியாயமாகச் சொன்னால் வெங்காயம், கொத்தமல்லி, எலுமிச்சையும் ஸ்பானியர்களோடு போய்ச் சேர்ந்தவைதான், அதனால் 'அசல்' பற்றி ரொம்பப் பேசக் கூடாது. ஆனாலும் அவை ஐந்நூறு வருடத்தில் அந்த ஊர்ச் சமையலோடு ஒட்டிப்போய்விட்டன. சாவர் க்ரீமும் மயோனைஸும் கிண்ணத்தின் அளவைக் கூட்டவும், விலை கூடிய பழத்தைச் சேமிக்கவும் விருந்துகளில் சேர்ந்துகொண்டவை. எடுத்தால் யாருக்கும் நஷ்டமில்லை.

செய்முறைக்கு வருகிறேன். நான்கு பேருக்கு இரண்டு ஹாஸ் பழம், நடுத்தர அளவில் ஆறு டொமாட்டியோ (200 கிராம்), அரை வெள்ளை வெங்காயம், ஒரு செரானோ மிளகாய், ஒரு தக்காளி, ஒரு கைப்பிடி கொத்தமல்லி, எலுமிச்சை, அரை தேக்கரண்டிக்கு மேல் போகாமல் உப்பு. செரானோ கிடைக்காவிட்டால் ஹாலப்பேனோ போடுங்கள், இல்லை நம் பச்சை மிளகாய் ஒன்று போதும்.

டொமாட்டியோவின் உறையை நீக்கினால் காயின் மேல் பிசுபிசுவென்று ஒரு பிசின் இருக்கும். வெதுவெதுப்பான நீரில் தேய்த்துக் கழுவினால் போய்விடும். கழுவாமல் விட்டால் லேசாகக் கசக்கும். பிறகு அதைச் சுட வேண்டும். எண்ணெய் வேண்டாம், உங்கள் இரும்புத் தோசைக்கல்லே போதும். நடுத்தரத் தீயில் காயை வைத்துத் திருப்பித் திருப்பி விடுங்கள். பளிச்சென்ற பச்சை மங்கி ஆலிவ் நிறத்துக்கு வரும், தோலில் கறுப்புப் புள்ளிகள் விழும், அழுத்தினால் அமுங்கும். வெடித்துச் சாறு கல்லில் ஓடுவதற்கு ஒரு நிமிடம் முன்னால் எடுத்துவிடுங்கள். மிளகாயையும் கூடவே சுடலாம். பச்சையாகவே அரைப்பவர்களும் உண்டு. அது கூர்மையான புளிப்பு. பிள்ளைகள் இருக்கும் வீட்டில் சுட்டதுதான் நல்லது, புளிப்புக்கு அடியில் ஒரு மெல்லிய இனிப்பு வந்துவிடும்.

சுட்டதை நன்றாக ஆறவிடுங்கள். இதில் அவசரப்பட்டு நான் இரண்டு முறை கெடுத்திருக்கிறேன். சூடான காயை அவகாடோவோடு சேர்த்தால் பழத்தில் ஒரு வெந்த வாடை வந்துவிடும், அதை எந்த எலுமிச்சையும் மறைக்காது.

அப்புறம் அரைக்கும் வரிசை. ஹூஸ்டனில் நான் வேலை பார்த்த இடத்து உணவகத்தில் மிச்சோவாகனைச் சேர்ந்த ஒரு சமையல்காரம்மா இருந்தார். மெக்சிகோவில் அவகாடோ அதிகம் விளையும் மாநிலம் அதுதான். அவர் பழத்தைத் தொடுவதற்கு முன்னால் வெங்காயத்தில் பாதி, மிளகாய், கொத்தமல்லித் தண்டு, உப்பு இவற்றை மட்டும் மோல்காஹெட்டேயில் போட்டு நசுக்குவார். எரிமலைப் பாறையில் செதுக்கிய மூன்று கால் உரல் அது, குழவியும் அதே கல். உப்பின் பரல் மணல் மாதிரி வேலை செய்து எல்லாவற்றையும் ஈரமான பச்சை விழுதாக்கிவிடும். 'இங்கேதான் ருசி, பழம் வெறும் வண்டி' என்பார். அம்மியில் சட்னி அரைத்த கைகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஊரிலிருந்து கொண்டுவந்த சின்ன இடிகல் இருந்தால் அதில் செய்யுங்கள். மிக்ஸியில் அடித்தால் வெங்காயம் ஒரு காரமான நெடியைக் கிளப்பும், பதமும் நுரைத்துப் போகும்.

இந்த விழுதில் ஆறிய டொமாட்டியோவைப் போட்டுக் கரகரப்பாக நசுக்குங்கள். ஒரு அவகாடோவைச் சேர்த்து வழவழவென்று மசியுங்கள். இன்னொரு அவகாடோவை மசிக்காதீர்கள். அரை அங்குலச் சதுரமாக நறுக்கி, மீதி வெங்காயம், விதையும் சாறும் நீக்கிய தக்காளி, கொத்தமல்லி இலையோடு கடைசியில் போட்டு இரண்டு புரட்டுப் புரட்டுங்கள். பழம் பாதியாகக் குறைந்தது வாய்க்குத் தெரியாமல் இருப்பதற்கு இதுதான் வழி. ஒவ்வொரு வாயிலும் ஒரு முழுத் துண்டு அவகாடோ கடிபட்டால் கிண்ணம் தாராளமாக இருப்பதாகவே தோன்றும். எலுமிச்சையைப் பிழிவதற்கு முன் ருசி பாருங்கள். டொமாட்டியோ புளிப்பாக இருந்தால் பாதி மூடி போதும். சொல்லப்போனால், மெக்சிகோவில் லிமோன் என்று பிழிவது நம் ஊர்ச் சின்ன எலுமிச்சை இனத்தைத்தான். கடையில் பெரிதாக விதையில்லாமல் கிடைக்கும் பச்சை லைமைவிட அதற்கு வாசனை அதிகம். இந்தியக் கடையில் கிடைத்தால் அதையே வாங்குங்கள்.

இந்தக் கிண்ணம் 560 கலோரிக்குள் அடங்கும். மூன்றில் ஒரு பங்கு என்றால் 190 கூட வராது, முன்பு 455. நிறைவுற்ற கொழுப்பு கிண்ணம் முழுதுக்கும் 6 கிராம் போல. முன்பு 26.

டாக்கேரியாக்களைப் பற்றிப் பேசும்போது ஓர் எச்சரிக்கை. அவகாடோ விலை ஏறும்போது சில கடைகளில் பழமே இல்லாமல், கலபசீட்டா என்ற சின்னச் சுரைக்காய் வகையில் ஒரு 'பொய் குவாக்கமோலே' செய்வார்கள். உங்கள் கடைகளில் சூக்கினி என்று கிடைப்பது அதற்குக் கிட்டத்தட்ட சரி. பார்வைக்கு அச்சு அசலாக இருக்கும். சூக்கினி 100 கிராமுக்கு 17 கலோரிதானே என்று பலரும் இதை டயட் பண்டமாகச் செய்கிறார்கள். ஆனால் காயை எண்ணெயில் வதக்கி, அந்த எண்ணெயோடேயே மிக்ஸியில் அடித்தால்தான் அந்த வெண்ணெய்ப் பதம் வரும். கால் கப் எண்ணெய் என்றாலே 480 கலோரி. இரண்டு அவகாடோவுக்கு ஏறக்குறைய அதே கணக்கு. சூக்கினி பிடிக்குமென்றால், சுட்டு மசித்து இந்தக் கிண்ணத்தில் ஒரு கைப்பிடி சேருங்கள், தெரியாது. அதற்கு மேல் போனால் தெரியும்.

கடையில் பெரிதாக, வழவழப்பான பச்சைத் தோலுடன் ஃபுளோரிடா அவகாடோ கிடைக்கும். அதில் கொழுப்பு 100 கிராமுக்கு 10 கிராம்தான், ஹாஸில் 15. கலோரியும் 120 என்ற அளவில் நிற்கும். லேசானது வேண்டுமென்று அதை வாங்கிவிடலாமா என்று கேட்பார்கள். கொடைக்கானல் கீழ்மலையிலிருந்தும் சிறுமலையிலிருந்தும் பட்டர் ஃப்ரூட் என்று வரும் பழங்கள் பலவும் இந்த மாதிரி சதை இளகி, கொஞ்சம் இனிப்பாக இருக்கும். பாலும் சர்க்கரையும் போட்டு ஜூஸ் அடிக்க அருமை. குவாக்கமோலேக்கு நீர்த்துப் போகும். பழத்தைக் குறைத்து நல்ல ஹாஸாகப் போடுவதே மேல் என்பது என் கட்சி. ஹாஸ் பழத்தைத் தேர்ந்தெடுக்கும்போது விரல் நுனியால் குத்தாதீர்கள், உள்ளங்கையில் வைத்து மெல்ல அழுத்திப் பாருங்கள். தோல் கறுத்து, அழுத்தம் லேசாக வாங்கினால் இன்றைக்கே ஆகும். கல் மாதிரி இருந்தால் வாழைப்பழத்தோடு காகிதப் பையில் போட்டு இரண்டு நாள் வையுங்கள்.

இப்போது சிப்ஸ். உண்மையில் உங்கள் கேள்விக்கு விடை இங்கேதான் பெரும்பகுதி இருக்கிறது, ஆனால் இதைக் கேட்க யாருக்கும் பிடிப்பதில்லை. வீட்டிலேயே சோள டோர்ட்டியாவை வெட்டி ஓவனில் மொறுமொறுப்பாக்கினால் லேசாகிவிடும் என்று எல்லோரும் சொல்வார்கள். 375 ஃபாரன்ஹீட்டில் பன்னிரண்டு நிமிடம், செய்யலாம், நன்றாகவே வரும். ஆனால் கணக்கைப் பாருங்கள்: ஆறங்குல டோர்ட்டியா இரண்டில் பன்னிரண்டு சில்லு, சுமார் 110 கலோரி. பாக்கெட் சிப்ஸ் பன்னிரண்டு 140. ஒரு பிடிக்கு 30 கலோரிதான் லாபம். நிஜமான லாபம் வேறிடத்தில்: வீட்டில் செய்தால் நான்கு டோர்ட்டியாவோடு கை ஓய்ந்துவிடும், பாக்கெட் என்றால் அடி தெரியும் வரை கை போகும். ஆகவே செய்கிறீர்களோ வாங்குகிறீர்களோ, பாக்கெட்டை மேசைக்குக் கொண்டுவராதீர்கள். ஆளுக்கு ஒரு தட்டில் பன்னிரண்டு சில்லு எண்ணி வைத்துவிட்டு, பாக்கெட்டை க்ளிப் போட்டு மேல் அலமாரியில் வையுங்கள்.

கை சும்மா இருக்காது என்பதால் நடுவில் வேறு ஏதாவது வேண்டும். அதற்கு ஹிகாமா. மெக்சிகோவில் தள்ளுவண்டிகளில் எலுமிச்சையும் மிளகாய்த் தூளும் தூவி விற்கும் கிழங்கு. பழுப்புத் தோலைச் சீவினால் உள்ளே வெள்ளையாக, முள்ளங்கியின் மொறுமொறுப்பும் பேரிக்காயின் லேசான இனிப்புமாக இருக்கும். 100 கிராமுக்கு 38 கலோரி. கால் அங்குலத் தடிமனில் வட்டமாக அரிந்து, அதை நாலாக வெட்டினால் சிப்ஸ் வடிவம் வந்துவிடும், அவகாடோவைத் தாங்கும். வெள்ளரி, குடைமிளகாய், செலரியும் வைக்கலாம், ஆனால் ஹிகாமாவுக்குக் கிடைக்கும் சத்தம் அவற்றில் இல்லை. 'கறுக்' என்று கேட்டால்தான் உங்கள் கணவருக்குச் சிப்ஸ் தின்ற திருப்தி வரும். ஆக அவருக்கு: மூன்றில் ஒரு பங்கு புதுக் கிண்ணம், பன்னிரண்டு சிப்ஸ், 150 கிராம் ஹிகாமா. மொத்தம் 400 கலோரிக்குள். 1230-ஐ இதோடு வைத்துப் பாருங்கள்.

கொழுப்பை முழுதாக எடுத்துவிட ஏன் நான் சம்மதிப்பதில்லை என்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. தக்காளிக்குச் சிவப்பைத் தரும் லைக்கோபீன், கேரட்டின் பீட்டா கரோட்டின் போன்ற நிறமிகள் கொழுப்போடு சேர்ந்தால்தான் உடலுக்குள் ஒழுங்காகப் போகும். 2005-இல் ஓஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தினர் தக்காளி சல்சாவை, அதாவது மெக்சிகோத் தக்காளிச் சட்னியை, அவகாடோ இல்லாமலும் 150 கிராம் அவகாடோ சேர்த்தும் கொடுத்துப் பார்த்தார்கள். சேர்த்தபோது லைக்கோபீன் நான்கு மடங்குக்கு மேல் உறிஞ்சப்பட்டது. கொழுப்பில்லாத சல்சாவோடு கேரட்டைத் தொட்டுச் சாப்பிட்டு, சத்து முழுதும் கிடைத்ததாக நினைத்துக்கொள்ளும் என் நோயாளிகளிடம் இதைத்தான் சொல்வேன்.

சாவர் க்ரீம் இல்லாமல் சின்னப் பிள்ளை முரண்டு பிடித்தால், கொழுப்பில்லாத கிரேக்கத் தயிரைத் துணியில் கட்டி ஒரு மணி நேரம் வடித்து, பக்கத்தில் தனிக் கிண்ணத்தில் வையுங்கள். உள்ளே கலக்காதீர்கள். மேலே ஒரு சொட்டு வைத்துச் சாப்பிடட்டும்.

மிச்சம் வைக்கும்போது கறுக்குமே என்ற கவலைக்கு: காற்று பட்டால்தான் பழத்தில் உள்ள நொதி வேலை செய்து நிறம் மாற்றும். நடுவில் கொட்டையைப் புதைத்து வைப்பதால், கொட்டைக்கு நேர் கீழே உள்ள இடம் மட்டும் பச்சையாக இருக்கும், வேறு பயனில்லை. கிண்ணத்தில் அமுக்கிச் சமன்செய்து, பிளாஸ்டிக் தாளை மேற்பரப்போடு ஒட்டி அழுத்தி ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் வரை தாங்கும். டொமாட்டியோவின் புளிப்பும் இதற்கு உதவும். மேலாக லேசாகப் பழுப்பு நிறமாகியிருந்தால் கரண்டியால் வழித்துவிடுங்கள், கீழே சரியாகவே இருக்கும்.

மாமனார் விஷயம் தனி, இதில் நான் தயங்கித்தான் பேசுவேன். ஒரு ஹாஸ் பழத்தில் ஏறக்குறைய 690 மில்லிகிராம் பொட்டாசியம் இருக்கிறது. ஒரு வாழைப்பழத்தைவிட ஒன்றரை மடங்குக்கு மேல். தக்காளியிலும் டொமாட்டியோவிலும் வேறு உண்டு. சிறுநீரகம் சரியாக வேலை செய்யாவிட்டால் அது வெளியேறாமல் ரத்தத்தில் தேங்கக்கூடும். சிறுநீரகப் பிரச்சினை என்று ஒரே வார்த்தையில் எழுதியிருக்கிறீர்கள், ஆனால் எந்தக் கட்டத்தில் இருக்கிறார், ரத்தத்தில் பொட்டாசியம் எவ்வளவு, டயாலிசிஸ் உண்டா, என்ன மாத்திரைகள் என்பதைப் பொறுத்துப் பதில் முழுதாக மாறும். சிலருக்கு இரண்டு கரண்டி தாராளமாகக் கொடுக்கலாம், சிலருக்கு அதுவும் கூடாது. அவர் விமானம் ஏறுவதற்கு முன்பே அங்குள்ள சிறுநீரக மருத்துவரிடம், 'பொட்டாசியத்துக்குக் கட்டுப்பாடு உண்டா, ஒரு நாளைக்கு எவ்வளவு?' என்று நேராகக் கேட்கச் சொல்லுங்கள். கடைசி ரத்தப் பரிசோதனைத் தாளையும் கையோடு எடுத்துவரட்டும்.

அது தெரியும் வரை சனிக்கிழமை அவர் தட்டில் ஹிகாமாவும் வெள்ளரியும், மேலே எலுமிச்சையும் மிளகாய்த் தூளும் வையுங்கள். இன்னொன்று: உப்பைக் குறைக்கிறேன் என்று கடையில் சோடியம் குறைந்த மாற்று உப்பு வாங்கிவிடாதீர்கள். அவற்றில் பெரும்பாலும் பொட்டாசியம் குளோரைடுதான் இருக்கும். உங்கள் கணவருக்கு அதனால் கெடுதல் இல்லாமல் போகலாம், ஆனால் மாமனாருக்கு ஆபத்து. ஒரே வீட்டில் ஒரே உப்பு டப்பாதான் எல்லாச் சட்டியிலும் விழும்.

கணவருக்கு மூன்று மாதத்தில் மறுபடி ரத்தம் எடுக்கச் சொல்லியிருப்பார்கள். அந்த எண் வந்ததும் எழுதுங்கள். கூடவே, அந்த மூன்று மாதத்தில் எத்தனை சிப்ஸ் பாக்கெட் காலியானது என்பதையும், மறைக்காமல்.